பெட்டிக்குள் உட்கார்ந்து பார்த்தவர்

அசன் மைதீன் தான் செய்த எதையும் தன் உடம்பை வைத்துப் பார்க்காமல் வெளியே அனுப்பியதில்லை. நாற்காலி செய்தால் அதில் கால் மணி நேரம் உட்காருவார். கட்டில் செய்தால் அதில் படுத்து இரண்டு பக்கமும் புரளுவார். கிரில் கேட் என்றால் கீழ்க்கம்பியில் ஏறி நின்று, தன் அறுபத்தெட்டு கிலோவையும் அதில் தொங்கவிட்டு, ஒருமுறை முழுக்கத் திறந்து மூடுவார். திருநெல்வேலி பேட்டை தொழிற்பேட்டையில் அவர் பட்டறைக்கு முன்னால் போகிறவர்கள், கைலியை மடித்துக் கட்டிய ஓர் ஆள் கேட்டில் தொங்கிக்கொண்டு போய் வருவதைப் பார்த்துச் சிரிப்பார்கள். அவர் கவனிக்க மாட்டார். கீல் முனகுகிறதா என்று காது கொடுத்துக்கொண்டிருப்பார்.

1983இல் பள்ளிவாசலுக்குப் புதுச் சந்தூக்கு செய்து கொடுத்தார். மையத்தை, அதாவது இறந்தவர் உடலை, வைத்துக் கபர்ஸ்தானுக்குத் தூக்கிப்போவது அது. பழையது மரம், உளுத்துவிட்டது. இவர் இரும்புக் குழாயில் செய்தார். செய்து முடித்ததும் அதிலும் ஏறிப் படுத்துவிட்டார். படுத்துக்கொண்டு நான்கு பேரைத் தூக்கச் சொன்னார். ஒருவரும் பக்கத்தில் வரவில்லை. நண்பர் அகமது மீரான் மட்டும் வந்து தலைமாட்டுக் காலைப் பிடித்து ஆட்டிப் பார்த்தார்.

"எறங்கும் வே. ஒமக்கு என்ன அவசரம்?" என்றார்.

இரண்டு பேரும் பதினைந்து வயதில் ஒரே லேத்துப் பட்டறையில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். செய்த கேட்டில் தொங்கிப் பார்ப்பதை அங்கேதான் ஆரம்பித்தார்கள், முதலில் விளையாட்டாக. அகமது மீரான் பின்னால் ஆற்றோரம் கிழக்கே உள்ள ஒரு சின்ன ஊரில் இரும்புச் சாமான் கடை வைத்து அங்கேயே குடிபோனார். அந்த ஊரின் பெயர் இங்கே வேண்டாம். அந்த நகராட்சியில் அப்போது வேலை பார்த்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

அசன் மைதீன் உடம்பை வைத்துப் பார்க்காமல் அனுப்பியது ஒன்றே ஒன்று. அது அந்த நகராட்சிக்குப் போனது.

அங்கே தெருநாய்களைக் கொல்ல இரண்டு வழி வைத்திருந்தார்கள். கருவாட்டில் தடவிய விஷம், இல்லாவிட்டால் தடி. 1988 ஜூனில் இந்த இரண்டாவதை ஜயலக்ஷ்மி நேரில் பார்த்தார். திருநெல்வேலி ஜங்ஷனில் தொலைபேசி நிலைய சூப்பர்வைசர். வெள்ளைக்காரர் காலத்தில் அவருடைய தாத்தா பிராணிகள் வதைத் தடுப்புச் சங்கத்தில் இருந்தவர். பித்தளை வில்லையைச் சட்டையில் குத்திக்கொண்டு ஜட்கா ஸ்டாண்டுக்குப் போய், முதுகில் புண் இருக்கிற குதிரைகளைக் கணக்கெடுப்பாராம். அந்தச் சங்கம் வெகுநாள் செத்துக் கிடந்தது. பேத்திதான் அதற்கு மறுபடி உயிர் கொடுத்தார். உறுப்பினர்கள் பதினொரு பேர்.

நாய்களைக் கொல்லக் கூடாது என்று அவர் மனு எழுதவில்லை. வலிக்காமல் கொல்லுங்கள் என்றுதான் எழுதினார். பெரிய நகரங்களில் இதற்கு மின்சாரப் பெட்டி இருக்கிறது, ஒரு நொடியில் முடிந்துவிடும், மேல்நாட்டில் பிராணிகளுக்காகவே நடத்துகிற சங்கங்கள்கூட அப்படிப் பெட்டிகள் வைத்திருந்தன என்று நாலு பக்கம் எழுதினார். நகராட்சி சம்மதித்தது. பெட்டி செய்ய ஆள் தேடி அவரே பேட்டைக்கு வந்தார்.

அசன் மைதீன் உடனே சரி என்றதற்குக் காரணம் உண்டு. ஒவ்வொரு பக்ரீதுக்கும் முந்திய வாரம் தெருவிலுள்ள கத்திகளெல்லாம் அவருடைய சாணைக்கு வந்துவிடும். காசு வாங்க மாட்டார். தீட்டியதைத் தன் கட்டைவிரல் நகத்தில் வைத்துப் பார்ப்பார். நகத்தில் வழுக்கினால் மறுபடி சாணைக்குப் போகும். அறுக்கப்போகிற ஆட்டுக்கு முதலில் தண்ணீர் காட்ட வேண்டும். கத்தி அதன் கண்ணில் படக் கூடாது. ஒரே இழுப்பு. மழுங்கிய கத்தியோடு ஆட்டுக்குப் பக்கத்தில் போகிறவனை அவர் வாய்விட்டுத் திட்டுவார். அவர் வாயிலிருந்து திட்டு வருவது அந்த ஒன்றுக்குத்தான். ஆகவே ஜயலக்ஷ்மி சொன்னது அவருக்கு ஒரு நிமிஷத்தில் விளங்கியது. நாய்க்கும் ஒரு நல்ல கத்தி வேண்டும் என்கிறார். செய்து கொடுத்துவிடலாம்.

பலகையில் பெட்டி, ஒரு முனையில் மேலே தூக்குகிற மூடி, உள்ளே அடித்தட்டாக இரண்டு தகடு, முன்னங்காலுக்கு ஒன்று, பின்னங்காலுக்கு ஒன்று, நடுவே இடைவெளி. வேலை பெரிதில்லை. அளவு வேண்டும். நகராட்சியிலிருந்து வந்த காகிதத்தில் 'ஒரு நாய் நிற்கும் அளவு' என்று மட்டும் இருந்தது.

அசன் மைதீன் நாயைத் தொடுகிறவர் இல்லை. அவர் வீட்டில் அது நஜீஸ், அசுத்தம். நாயின் எச்சில் பட்டால் பட்ட இடத்தை ஏழு தடவை கழுவ வேண்டும், அதில் ஒரு தடவை மண் போட்டு. தாயார் காயல்பட்டினம், அவரிடமிருந்து வந்த கண்டிப்பு. நாய் வந்தால் தெருவின் மறுபக்கம் போய்விடுவார். பக்ரீத் அந்த வருஷம் ஜூலைக் கடைசியில் வந்தது. வீட்டு முற்றத்தில் பெரிய வெள்ளாட்டுக் கிடா ஒன்று கட்டியிருந்தது. இன்ச் டேப்பை எடுத்துக்கொண்டு போய் அதை அளந்தார். முன்காலுக்கும் பின்காலுக்கும் இடையில் இருபத்திரண்டு அங்குலம். வயிற்றகலம், அதற்கு மேல் நான்கு அங்குலம். இடது உள்ளங்கையில் பேனாவால் குறித்துக்கொண்டார். நாய் ஆட்டைவிடச் சிறிது, ஆகவே தாராளமாக இருக்கும் என்று கணக்குப் போட்டார்.

பெட்டி போனது. நன்றாக இருக்கிறது என்று சுகாதார ஆய்வாளர் சொல்லி அனுப்பினார். ஜயலக்ஷ்மி நன்றி சொல்லிக் கார்டு போட்டார். அது நடக்கிற இடத்துக்கு அசன் மைதீன் ஒருமுறையும் போகவில்லை. ஒன்பது வருஷம்.

1997 அக்டோபரில், தீபாவளிக்கு எட்டு நாள் முன்பு, அகமது மீரானின் கடைசி மகள் ஷம்ஸியா வெறிநாய்க்கடியில் மவுத்தானாள். ஏழு வயது. கடி வாங்கியது ஆகஸ்டில், கெண்டைக்காலில். தொப்புளைச் சுற்றிப் பதினான்கு ஊசி போட வேண்டும் என்றார்கள். மூன்று போட்டார்கள். அவள் அலறியதைத் தாங்க முடியாமல் மூன்றோடு போதும் என்று தூக்கி வந்தவர் அகமது மீரான்தான். ஊரில் எல்லோருக்கும் அது தெரியும். ஒருவரும் அவரிடம் சொல்லவில்லை. அசன் மைதீன் அடக்கத்துக்குப் போனார். அந்தச் சின்னக் குழிக்குள் மூன்று பிடி மண் போட்டார். நண்பரின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

ஊர் கொதித்தது. நான்கு நாளில் நாற்பத்துமூன்று நாய்களைப் பிடித்து நகராட்சியின் உரக்கிடங்கில் அடைத்தார்கள். பெட்டியைத் துடைத்து மின் இணைப்புக் கொடுத்தார்கள். புகை வந்து நின்றுவிட்டது.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் வன்னியராஜ் அதை ஒரு மினிலாரியில் பட்டறைக்குக் கொண்டுவந்தான். நாய் பிடிக்கிற வேலையில் இருப்பவன், முப்பத்தைந்து வயது, முன்கை முழுக்கப் பல் தடம். தீபாவளி கழிந்து வெள்ளிக்கிழமை காலையில் வேண்டும் என்று ஆய்வாளர் சொன்னதாகச் சொன்னான். அசன் மைதீன் மூடியைத் திறந்து பார்த்தார். ஒயர் கருகியிருந்தது. அரைமணி வேலை. பலகையின் உட்பக்கம் நெடுக நகத்தடம். நான்கு பக்கமும், மூடியிலும்.

ஒரு நொடியில் முடிகிற இடத்தில் இவ்வளவு தடம் எப்படி வந்தது என்று கேட்டார்.

வன்னியராஜ் பீடியை அணைத்தான். "ஒரு தடவையில போவாது அண்ணாச்சி. உள்ள தள்ளுனதும் அது திரும்பிக்கிடும்லா. நாலு காலும் ஒரே தகட்டுல நிக்கும். அப்ப கரண்டு பிடிக்காது. கம்பால பைய நவட்டி நவட்டி நிறுத்தணும். நாலு வாட்டி, அஞ்சு வாட்டி போடணும்."

"ஆரம்பத்துல இருந்தா?"

"மொத நாள்ல இருந்து."

"யாருகிட்டயாச்சும் சொன்னியா?"

"யாரு கேட்டா?" என்றான் வன்னியராஜ். அதில் குத்தல் இல்லை. நிஜமாகவே அவனை யாரும் கேட்டதில்லை.

அவன் போன பிறகு அசன் மைதீன் ஒரு வேலையும் செய்யவில்லை. பெட்டியைச் சுற்றி நடந்தார். லேத்தை ஓடவிட்டார், நிறுத்தினார். சாணைக்கல்லுக்குப் பக்கத்தில் போய் நின்றுவிட்டுத் திரும்பி வந்தார். வீட்டில் சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து சோற்றைப் பிசைந்தபடியே இருந்தார். உடம்புக்கு என்ன என்று மனைவி மைதீன் பாத்திமா இரண்டு தடவை கேட்டார். ஒன்றுமில்லை என்றவர், சற்றுக் கழித்து, ஒன்பது வருஷமாக மழுங்கின கத்தி என்றார். எந்தக் கத்தி என்று அவருக்குப் புரியவில்லை.

மறுநாள் காலையில் ஜயலக்ஷ்மி வந்தார். தீபாவளிக்கு முந்தின நாள், வீட்டு வேலைகளை அப்படியே போட்டுவிட்டு வந்திருந்தார். கையில் ஆங்கிலத்தில் அச்சடித்த ஒரு தாள். பெட்டியைச் சரிசெய்ய வேண்டாம் என்று கேட்டுக்கொள்ள வந்தேன் என்றார். அசன் மைதீனுக்கு ஆங்கிலம் வாசிக்க வராது. இன்ஜினியரிங் கல்லூரியிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்த மகன் அனஸ் தாளை வாங்கி வாசித்துச் சொன்னான். காலிலிருந்து காலுக்குப் போகும் மின்சாரம் இதயத்தை நிறுத்தும், ஆனால் மூளை உடனே மயங்காது. தகட்டில் சரியாக நின்றாலும் பிராணிக்குச் சில நேரம் எல்லாம் தெரிந்துகொண்டிருக்கும். இது அடிப்படை, மின்சாரம் தலை வழியாகப் போகவில்லையே, வரைபடம் போட்டுப் பார்த்திருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும் என்று தன் பங்குக்கும் சேர்த்தான். பரீட்சையில் விடை எழுதுகிற குரலில் சொன்னான். அந்தக் குரலை இப்போது அவனால் திரும்ப எடுத்துக்கொள்ள முடியாது.

அசன் மைதீன் மகனைப் பார்க்கவில்லை. ஜயலக்ஷ்மியைப் பார்த்தார்.

"நீங்க சொல்லித்தானம்மா செஞ்சேன்."

"ஆமா பாய். நான்தான் சொன்னேன்." அவர் தாளை மடித்தார். "தாத்தா காலத்துல குதிரைய அடிக்காதேன்னா. நான் அடிச்சுக் கொல்லாதே, சுகமாக் கொல்லுன்னேன். அதையே பெரிய புண்ணியம்னு நெனச்சேன். இப்ப கேக்கறா, கொல்ல நீ யாருன்னு. எனக்குப் பதில் தெரியல."

அவர் விளக்கிச் சொன்னார். சட்டம் 1960லேயே இருக்கிறது, அது வதைக்காதே என்கிறது. ஆனால் உலகத்தில் இப்போது பேசுகிறவர்கள் அதற்கும் ஒருபடி மேலே போகிறார்கள். இரக்கம் என்பது நாம் கொடுப்பது, மனசு வந்தால் கொடுப்போம், வராவிட்டால் இல்லை. அவர்கள் கேட்பது உரிமை. அந்த உயிர் அதனுடையது, நம்மைக் கேட்டு அது பிறக்கவில்லை. சென்னையில் நாய்களைக் கொல்வதை நிறுத்திவிட்டார்கள், பிடித்துக் கருத்தடை செய்து, ஊசி போட்டு, பிடித்த தெருவிலேயே விடுகிறார்கள். கொன்று காலியாகும் தெருவுக்கு அடுத்த மாசமே வேறு நாய்கள் வருகின்றன. ஊசி போட்ட நாய் நின்றால்தான் வெறிநோய் நிற்கும்.

அசன் மைதீன் ஒன்று கேட்டார்.

"அப்ப பக்ரீதுக்கு நான் கத்தி தீட்டுறது?"

"அதுவும் தப்புன்னுதான் அவா சொல்லுவா," என்றார் ஜயலக்ஷ்மி. "நான் பால் குடிக்கறேன். பட்டு கட்டறேன். உங்கள நான் என்ன சொல்ல?"

அவர் மழுப்பாமல் சொன்னது அசன் மைதீனுக்குப் பிடித்திருந்தது. ஆனாலும் அகமது மீரானின் பெண் செத்துப் எட்டு நாள்கூட ஆகவில்லை என்றார். ஜயலக்ஷ்மி தலையைக் குனிந்துகொண்டார். பெட்டி இல்லாவிட்டால் தடியை எடுப்பார்களே, அதற்கு என்ன செய்வீர்கள் என்று அசன் மைதீன் கேட்டார். ஆட்சியர் அலுவலகத்தில் ஒரு மனு கொடுத்திருக்கிறேன், காட்ட ஆதாரம் ஒன்றும் இல்லை என்றார் ஜயலக்ஷ்மி.

அன்று மத்தியானம் அசன் மைதீன் இன்ச் டேப்பைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினார். பஸ்ஸில் இடம் இருந்தும் உட்காரவில்லை. முதலில் அகமது மீரான் வீட்டுக்குப் போனார். வாசலில் பிள்ளையின் செருப்பு இன்னும் கிடந்தது. அகமது மீரான் சவரம் செய்யாத முகத்தோடு பாயில் உட்கார்ந்திருந்தார். டீ வந்தது.

"பெட்டி சரியாயிட்டா வே?" என்றார்.

"பாத்துக்கிட்டிருக்கேன்."

"வெள்ளிக்கிழமைன்னு சொன்னானுவ. நானும் போயி பாக்கலாம்னு இருக்கேன். ஒரு நாயாவது என் கண்ணு முன்னால சாவட்டும்."

சொல்ல வந்ததை அசன் மைதீன் சொல்லவில்லை. பெட்டி ஒரு தடவையில் கொல்லாது என்று இந்த மனிதரிடம் சொன்னால், ரொம்ப நல்லது என்பார் என்று பயந்தார். டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தார்.

உரக்கிடங்கில் வன்னியராஜ் தகரக் கதவைத் திறந்துவிட்டான். ஊரில் வெடிச் சத்தம் ஆரம்பித்திருந்தது. ஒவ்வொரு வெடிக்கும் நாற்பத்துமூன்று நாய்களும் சுவரோடு ஒடுங்கின. ஒரு மூலையில் பழைய சோறு கொட்டிக் கிடந்தது. வன்னியராஜே வாங்கிப் போட்டது. நாளை மறுநாள் சாகப்போகிற நாய்களுக்கு எதற்குச் சோறு என்று கேட்டார். இன்றைக்குப் பசிக்கும் அல்லவா என்றான்.

கடிக்காத ஒன்றைப் பிடித்துத் தரச் சொன்னார். அவன் ஒரு செவலைப் பெட்டையைக் கழுத்தைக் கட்டிப்பிடித்து நிறுத்தினான். அசன் மைதீன் டேப்பை இழுத்தார். நாய் அசைந்ததில் டேப் இரண்டு தடவை சுருண்டு உள்ளே போய்விட்டது. மூன்றாவது தடவை முன்காலடியில் வைத்து முழங்கால் போட்டு உட்கார்ந்தார். பதினான்கு அங்குலம். வயிற்றகலம் எட்டுகூட இல்லை. நிற்கச் சொன்னால் நிற்கிற பிராணி அல்ல அது. ஆடு வைத்த இடத்தில் நிற்கும். இது டேப்பை முகர்ந்தது, வட்டம் அடித்துத் திரும்பியது, பிறகு மல்லாந்து படுத்து வயிற்றைக் காட்டியது. அவர் அளவெடுத்த கையை நக்கிவிட்டது.

அவர் கையை இழுக்கவில்லை. நாக்கு இவ்வளவு சூடாக இருக்கும் என்று அவருக்குத் தெரியாது.

திரும்பும் வழியில் ஆற்றுக்கு இறங்கி, கரை மண்ணை எடுத்து ஒரு தடவை, தண்ணீரில் ஆறு தடவை கழுவினார். பிற்பகல் அஸர் தொழுகைக்கு முகமும் கைகாலும் கழுவி ஒலு செய்தார். தொழுகையில் எத்தனை ரக்அத், எத்தனை சுற்று, ஆயிற்று என்று மறந்து போய்விட்டது.

வியாழக்கிழமை தீபாவளி. பட்டறையில் வேலை செய்த பையன்கள் லீவு. அசன் மைதீன் காலை எட்டு மணிக்குத் தனியே வந்து பெட்டியைத் திறந்தார். புது அளவு கையில் இருந்தது. பக்கவாட்டில் இரண்டு தடுப்பு, தகடுகளை நடுவே நெருக்கினால் முடிந்தது. நாய் திரும்ப முடியாது. ஒரே தடவையில் போகும். ஒரு மணி நேர வேலை. எங்கே தடுப்பு வர வேண்டும் என்று சாக்பீஸால் கோடும் போட்டுவிட்டார். நல்ல கத்தியாகிவிடும். வெள்ளிக்கிழமை அகமது மீரான் வந்து பார்ப்பார்.

கோடு போட்டதும் அவருடைய வழக்கம் அவரைப் பிடித்துக்கொண்டது. செய்ததை உடம்பை வைத்துப் பார்க்காமல் அனுப்பக் கூடாது. இந்தப் பெட்டியில் ஒன்பது வருஷத்துக்கு முன்பு அதைச் செய்யாமல் விட்டார். ஒயரை முழுக்கக் கழற்றி வெளியே எறிந்தார். கைலியைச் சுருட்டிக்கொண்டு, உடம்பைக் குறுக்கி, முழங்கையும் முழங்காலும் ஊன்றி உள்ளே போனார். மூடியைக் காலால் இழுத்துச் சாத்தினார்.

உள்ளே போனதும் அவரும் திரும்பத்தான் பார்த்தார். தலையை வாசல் பக்கம் வைக்காமல் இருக்க உடம்புக்கு முடியவில்லை. திரும்பி முடித்தபோது கை, கால் எல்லாம் ஒரே தகட்டில் இருந்தன. முகத்துக்கு நேரே நகத்தடம். விரலை வைத்துப் பார்த்தார், விரல் உள்ளே பதிந்தது.

சாக்பீஸ் கோட்டின்படி தடுப்பு வைத்தால் திரும்ப முடியாது. அப்போதும் திரும்பத்தான் தோன்றும்.

காலைச் சாப்பாடு கொண்டுவந்த மைதீன் பாத்திமா பட்டறையில் ஆளைக் காணாமல் தேடினார். பெட்டிக்குள் மூச்சுச் சத்தம் கேட்டு மூடியைத் தூக்கினார்.

"என்னங்க இது, உள்ள என்ன செய்யுதீங்க?"

"அளக்குதேன்," என்றார்.

வெளியே வந்து, சாப்பிடாமல், கேஸ் கட்டரைப் பற்றவைத்தார். முதலில் தகடுகள். பிறகு பலகையைச் சம்மட்டியால். மத்தியானத்துக்குள் அது பெட்டியாக இல்லை. மகனைக் கூப்பிட்டு ஒரு கடிதம் எழுதச் சொன்னார். மகன் எழுதியதில் இருந்த பெரிய வார்த்தைகளை அடிக்கச் சொன்னார். கடைசியில் நின்றது இதுதான்:

'சுகாதார ஆய்வாளர் அவர்களுக்கு. 1988இல் நான் செய்துகொடுத்த பெட்டி தப்பு. நாயை அளக்காமல் ஆட்டை அளந்து செய்தேன். ஒன்பது வருஷமாக எந்த நாயும் அதில் ஒரு தடவையில் சாகவில்லை. உங்கள் ஆள் வன்னியராஜ் மேல் குற்றம் இல்லை. சரிசெய்யக் கூடியது, ஆனால் செய்ய மாட்டேன். உடைத்துவிட்டேன். நஷ்டத்தை என்னிடம் வாங்கிக்கொள்ளலாம். நான் உள்ளே உட்கார்ந்து பார்த்தேன். பே. அசன் மைதீன்.'

ஒரு நகல் ஜயலக்ஷ்மிக்குப் போனது. அவர் அதை ஆட்சியர் அலுவலகத்தில் ஆதாரமாகக் கொடுத்தார். தடி வேண்டாம், விஷம் வேண்டாம் என்று வாய்மொழியாக ஓர் உத்தரவு வந்தது. கால்நடை மருத்துவர் ஒருவர் வந்து நாய்களுக்கு ஊசி போட்டார். அதற்குள் பத்து நாள் ஆகிவிட்டது. ஆறு நாய்கள் கிடங்கிலேயே செத்தன. அவற்றில் ஒன்றுக்கு நிஜமாகவே வெறி இருந்தது, சாகும் முன் அது இன்னும் மூன்றைக் கடித்திருந்தது. அந்த மூன்றையும் மருத்துவர் மயக்க ஊசி போட்டுக் கொன்றார். ஜயலக்ஷ்மி வெளியே ஆட்டோவில் உட்கார்ந்திருந்தார். சம்மதம் என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. மீதி முப்பத்துநான்கு நாய்கள் தெருவுக்குத் திரும்பின. ஊர் அசன் மைதீனையும் ஜயலக்ஷ்மியையும் ஏசியது.

கடிதம் உள்ளூர்ப் பேப்பரில் முழுக்க வந்துவிட்டது. அன்றைக்கே அகமது மீரான் பட்டறைக்கு வந்தார். உள்ளே வரவில்லை. கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"எம் பிள்ள மவுத்தான மாசம் வே," என்றார். "லெட்டர் எழுத ஒமக்கு நாய்தான் கெடச்சுதா?"

அசன் மைதீன் பதில் வைத்திருந்தார். நாயைக் கொன்றால் அடுத்த நாய் வரும், ஊசிதான் வழி, உன் தெருவில் இன்னொரு பிள்ளை சாகாது என்றெல்லாம். எல்லாம் சரியான பதில்கள். பதினான்கில் மூன்று ஊசியோடு நின்ற தகப்பனிடம் ஊசி என்ற சொல்லை அவரால் எடுக்க முடியவில்லை. அகமது மீரான் சற்று நேரம் பார்த்துவிட்டுப் போனார். அதற்குப் பிறகு இருவரும் பேசவில்லை.

அசன் மைதீன் அதோடு அடங்கவில்லை. நாய்களை ஊசிக்குக் கொண்டுபோக மூன்று கம்பிக் கூண்டு செய்தார். ஒவ்வொன்றிலும் ஏறி உட்கார்ந்து, வன்னியராஜிடமும் இன்னோர் ஆளிடமும் கூண்டைத் தூக்கி நடக்கச் சொன்னார். வருஷத்துக்கு இரண்டு தடவை அந்த ஊருக்குப் போய் ஊசி போடுகிறவர்களோடு சுற்றினார். அகமது மீரானின் தெருவில்தான் முதலில் தொடங்க வேண்டும் என்பார். அந்த வீட்டைக் கடக்கும்போது மட்டும் எதிர்ச் சாரிக்குப் போய்விடுவார். 1998 பக்ரீதுக்குக் கத்திகள் வழக்கம்போல வந்தன. தீட்டினார். நகத்தில் வைத்துப் பார்த்தார். தன் வீட்டுக்கு ஆடு வாங்கவில்லை. ஏன் என்று கேட்டவர்களுக்கு, இன்னும் கணக்கு முடியவில்லை என்றார்.

1999 பிப்ரவரியில் ஒரு திங்கட்கிழமை, வாடிக்கையாளர் ஒருவருக்காகச் செய்த இரும்பு நாற்காலியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். கால் மணி ஆயிற்று. வாங்க வந்தவர் பொறுமையாக நின்றார். அசன் மைதீனின் வழக்கம் அவருக்குத் தெரியும். அரைமணி ஆனதும்தான் தோளைத் தொட்டார். அசன் மைதீனுக்கு வயது ஐம்பத்தொன்று. மேல்பையில் இன்ச் டேப்.

மையத்தை அவர் செய்த சந்தூக்கில் வைத்துத்தான் தூக்கினார்கள். பதினாறு வருஷம் ஆகியும் ஒரு மூட்டும் ஆடவில்லை. பள்ளிவாசல் வாசலில் அகமது மீரான் நின்றிருந்தார். வந்து தலைமாட்டுக் காலைத் தோளில் வாங்கினார். மற்ற மூன்று பக்கமும் ஆள் மாறினார்கள். அவர் கபர்ஸ்தான் வரை மாற்றவில்லை.

மண் போட்டு முடிந்த பிறகு மகனிடம் வந்தார். சட்டைப்பையில் மடித்த பேப்பர் துண்டு, மஞ்சள் ஏறியது, மடிப்பில் கிழிந்தது. பிரிக்காமல் கையில் வைத்துக்கொண்டார்.

"உள்ள உக்காந்து பாத்தேன்னு எழுதியிருக்காரே. எவ்வளவு நேரம் இருந்தாரு?"

"தெரியல மாமா."

அகமது மீரான் காத்திருந்தார். உம்மாவிடம் கேட்டுச் சொல்லுகிறேன் என்றான் மகன். கேட்டான். அவருக்கும் தெரியவில்லை. மூடியைத் தூக்கியபோது முகமெல்லாம் வேர்த்திருந்தது என்று மட்டும் சொன்னார்.

பட்டறையில் அவர் குறிப்பு நோட்டுகள் பதினொன்று இருக்கின்றன. ஒவ்வொரு கேட்டின் எடை, ஒவ்வொரு கட்டிலில் எத்தனை நிமிஷம் படுத்துப் பார்த்தார் என்பது வரை தேதி போட்டு எழுதியிருக்கிறார். 1997 அக்டோபர் 30, அந்தத் தீபாவளித் தேதிக்கு நேரே செவலைப் பெட்டையின் அளவு மட்டும் இருக்கிறது. பதினான்கு, எட்டு. அடுத்த வரி காலி.